மார்ஷல் படம் எடுத்த ஊர்கள்

முதல் நாள்: கேஷ்

வங்கியில் 34 வருஷம் வேலை பார்த்தேன். அதில் 19 வருஷம் கேஷ் கவுண்டர். ஓக்லஹோமா மாநிலத்தில் கேஷ் என்றே ஓர் ஊர் இருக்கிறது, அங்கே 1908-ல் ஒரு வங்கிக் கொள்ளையைப் படமாக எடுத்தார்கள், எடுத்தவர் நிஜப் போலீஸ்காரர், கொள்ளைக்காரனாக நடித்தவர் நிஜக் கொள்ளைக்காரர் என்று கேள்விப்பட்ட அன்றே போய்ப் பார்த்துவிடுவது என்று தீர்மானித்துவிட்டேன். ஊர்ப் பெயருக்கும் ரொக்கத்துக்கும் சம்பந்தம் இல்லை. பொருளை ஒளித்து வைக்கும் இடத்துக்கான பிரெஞ்சுச் சொல் அது. உச்சரிப்பு மட்டும் ஒன்று. ஒரு கேஷியருக்கு அது போதும்.

மகள் டாலஸுக்கு வடக்கே பிளேனோவில் இருக்கிறாள். அவளுக்கு லீவு கிடைக்கவில்லை. மாப்பிள்ளைக்கு ஐந்து நாள் மிச்சம் இருந்தது. "நீங்க எங்க சொன்னாலும் போலாமுங்க மாமா" என்றார். கோயம்புத்தூர்க்காரர், வாயில் மறுப்பே வராது. நான் நயாகரா கேட்பேன் என்று நினைத்திருப்பார், பாவம்.

டிக்கியில் மகள் கரண்ட் குக்கர், பத்து கிலோ அரிசி, புளிக்காய்ச்சல், தண்ணீர் பாட்டில் கட்டு என்று அடைத்துவிட்டாள். என் பழைய வி.ஐ.பி. பெட்டிக்கு அங்கே இடமில்லாமல், அது பின் சீட்டில் மூன்றாவது ஆள் மாதிரி உட்கார்ந்து வந்தது.

விச்சிட்டா ஃபால்ஸ் தாண்டி ரெட் ரிவரைக் கடந்தால் ஓக்லஹோமா. மண் சிவப்பென்றால் திருச்செந்தூர்ப் பக்கத்துத் தேரிக்காட்டுச் சிவப்பு. பனை மட்டும்தான் இல்லை.

வெஸ்டர்ன் என்கிற கௌபாய் படங்களுக்கெல்லாம் மூத்தது என்று 1903-ல் எடிசன் கம்பெனி எடுத்த ரயில் கொள்ளைப் படத்தைச் சொல்வார்கள். அதை எடுத்தது நியூ ஜெர்சியில். குதிரை, துப்பாக்கி, தொப்பி எல்லாம் இருக்கும், மேற்குதான் இருக்காது. அதற்கு ஐந்து வருஷம் கழித்து மேற்கிலேயே இருந்த ஒருவர், நாமே எடுத்தால் என்ன என்று கிளம்பினார். பெயர் பில் டில்மன். 1854-ல் பிறந்தவர். 1884-ல் கன்சாஸ் மாநிலத்து டாட்ஜ் சிட்டியின் மார்ஷல், அதாவது ஊர்க் காவல் தலைவர். பிறகு ஓக்லஹோமாவில் குடியேறி அமெரிக்க மத்திய அரசின் டெபுடி மார்ஷலாகத் திருடர்களைத் துரத்தியவர். ஹெக் தாமஸ், கிரிஸ் மாட்சன் என்ற இருவரையும் இவரையும் சேர்த்து 'மூன்று காவலர்கள்' என்று இந்தப் பக்கம் சொல்வது வழக்கம்.

கொள்ளைத் தலைவனாக நடித்தவர் ஆல் ஜென்னிங்ஸ். வக்கீலுக்குப் படித்தவர். 1897-ல் சில மாதங்கள் ரயில் கொள்ளை அடித்துப் பார்த்தார், வரவில்லை. ஒரு ரயிலில் இரண்டு தடவை டைனமைட் வைத்தும் பெட்டகம் திறக்காமல், பயணிகளின் பர்ஸைப் பறித்துக்கொண்டு, போகிற போக்கில் ஒரு சீப்பு வாழைப்பழத்தையும் தூக்கிப் போனார்கள் என்று கதை. பெட்டகம் செய்தவன் யாரோ, நல்ல வேலைக்காரன். ஜெயிலில் ஜென்னிங்ஸுக்குக் கிடைத்த கூட்டாளி, பிற்பாடு ஓ. ஹென்றி என்ற பெயரில் சிறுகதை எழுதியவர். அவரும் வங்கியில் கேஷியராக இருந்து, கணக்கு உதைத்ததால் உள்ளே போனவர். எங்கள் தொழில்காரர் என்பதால் இதை விட மனமில்லை.

கேஷ் ஊரின் முக்கியத் தெருவில் காரை ஓரம் கட்டி, ஏ.சி.யைப் போட்டுக்கொண்டு, போனில் அந்தப் படத்தைப் பார்த்தோம். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் பிரதி பத்திரமாக இருப்பதால் இன்றைக்கும் பார்க்க முடிகிறது. சாண்ட்லர் ஊர் போட்டோக்காரர் பென்னி கென்ட் கேமராவைத் தெருக்கோடியில் நட்டுவிட்டு நகரவே இல்லை. ஆட்கள் எறும்பு மாதிரி வருகிறார்கள், போகிறார்கள். எது டில்மன், எது ஜென்னிங்ஸ் என்று மூக்கை ஒட்டிவைத்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. கமாஞ்சிப் பழங்குடி மக்களின் தலைவர் குவானா பார்க்கரும் தலைகாட்டுகிறார். ஷூட்டிங் நாளில், விஷயம் தெரியாத ஒருவர் நிஜக் கொள்ளை என்று பயந்து வங்கி ஜன்னல் வழியாகக் குதித்து ஓடினாராம்.

"மாமா, ஒருத்தர் மூஞ்சியும் தெரியலைங்களே" என்றார் மாப்பிள்ளை. நியாயம்தான். ஆனால் எனக்கு அந்தத் தெரு போதுமாக இருந்தது. செட்டு போட்ட தெரு இல்லை. புழுதியும் கம்பமும் வேடிக்கை பார்க்கிறவர்களும் அன்றைக்கு அங்கே இருந்தவை. கார்க் கண்ணாடிக்கு வெளியே அதே தெரு, 44 டிகிரி வெயிலில், காலியாக.

குவானா பார்க்கரின் நட்சத்திர வீடு இந்த ஊரில்தான் இருக்கிறது. கூரையில் பெரிய வெள்ளை நட்சத்திரங்கள் வரைந்த இரண்டு மாடி வீடு. மூடிப்போன ஒரு கேளிக்கைப் பூங்காவுக்குள் மாட்டிக்கொண்டு சிதைந்து வருகிறது. முன்கூட்டியே சொல்லி வைத்துவிட்டு வந்திருக்க வேண்டும். நான் வைக்கவில்லை. மாப்பிள்ளை ஒன்றும் சொல்லவில்லை.

இரண்டாம் நாள்: ஓநாயும் எருமையும்

காலையில் லாட்டன் கல்லறைத் தோட்டத்தில் ஹெக் தாமஸ். 1912-ல் இறந்தார். கடைசிக் காலத்தில் இதே ஊர் போலீஸ் தலைவர். நேற்றைய படத்தில் அவரும் உண்டு. கும்பிட்டுவிட்டு விச்சிட்டா மலைக் காட்டுக்குப் போனோம்.

மலை என்றால் நம் குற்றாலம், பாபநாசம் மாதிரி இல்லை. சமவெளியில் யாரோ வண்டி வண்டியாகப் பாறையைக் கொட்டிவிட்டுப் போன மாதிரி. நடுநடுவே பைசன் என்கிற காட்டெருமைகள் சாலையை மறித்து நிற்கின்றன. இந்த நாட்டில் அவற்றைக் கிட்டத்தட்ட முழுக்கச் சுட்டுத் தீர்த்த பிறகு, 1907-ல் நியூயார்க் பிராங்ஸ் மிருகக்காட்சி சாலையிலிருந்து 15 எருமைகளை ரயிலில் ஏற்றி கேஷ் ஸ்டேஷனில் இறக்கினார்கள். இறக்குவதைப் பார்க்கக் கமாஞ்சிக் குடும்பங்கள் வந்து காத்திருந்தன. இன்று நூற்றுக்கணக்கில் மேய்வதெல்லாம் அந்தப் பதினைந்தின் வம்சம்.

டில்மனும் கென்ட்டும் இந்த மலையில்தான் 1908-ல் ஓநாய் வேட்டைப் படம் ஒன்றும் எடுத்தார்கள். நாயகன் ஜாக் அபர்நாதி, அவரும் மார்ஷல். ஓடும் ஓநாயைக் குதிரையில் துரத்தி, குதித்து, அதன் வாய்க்குள் கையுறை போட்ட கையை விட்டுக் கீழ்த்தாடையைப் பிடித்துக்கொள்வார். கடிக்க முடியாமல் ஓநாய் முழிக்கும். உயிரோடு கட்டித் தூக்கி வருவார். 1905-ல் ஜனாதிபதி ரூஸ்வெல்ட் நேரில் பார்த்துவிட்டு வாஷிங்டனில் சொன்னபோது பலர் நம்பவில்லையாம். அதனால் நிரூபிக்கவே படம் எடுத்தார்கள் என்பார்கள். அவரை மார்ஷல் ஆக்கியதும் ரூஸ்வெல்ட்தான். ஓநாய் பிடிப்பதற்கும் மார்ஷல் வேலைக்கும் என்ன பொருத்தம் என்று மாப்பிள்ளை கேட்டார். எங்கள் வங்கியில் பந்து நன்றாக ஆடியதற்காக ஆபீசர் ஆனவர்களைப் பற்றிச் சொன்னேன்.

அபர்நாதியின் பையன்கள் இருவர், பத்து வயசும் ஆறு வயசும், 1910-ல் ஓக்லஹோமாவிலிருந்து நியூயார்க் வரைக்கும் தனியாகக் குதிரையில் போனார்கள். ஆறு வயசில் என் பேரன் பாத்ரூம் போகவே துணைக்கு ஆள் கேட்கிறான்.

மத்தியானம் ஏரிக்கரையில் தயிர்சாதம். ஓக்லஹோமா சிட்டி வந்து சேரும்போது இருட்டிவிட்டது. இன்று இவ்வளவுதான், தூக்கம் வருகிறது.

மூன்றாம் நாள்: குத்ரி, இங்கல்ஸ்

1889 ஏப்ரல் 22 காலையில் குத்ரி ஒரு ரயில் நிறுத்தம். முதலில் போய்ப் பிடித்தவருக்கே நிலம் என்கிற ஓட்டத்துக்கு உச்சிப்பொழுதில் சைகை கொடுத்தார்கள். சாயங்காலத்துக்குள் சுமார் பத்தாயிரம் பேர் கூடாரம் அடித்துவிட்டார்கள். 1910 வரை தலைநகரம். அப்புறம் தலைநகரத்தை ஓக்லஹோமா சிட்டிக்கு மாற்றிவிட்டார்கள், வளர்ச்சி நின்றுவிட்டது. அதனால்தான் அந்தச் செங்கல் கட்டடங்கள் இடிபடாமல் தெருத்தெருவாக அப்படியே நிற்கின்றன. செட்டிநாட்டில் ஆளில்லாத பெரிய வீடுகளைப் பார்க்கிற அதே உணர்வு.

நில ஓட்டத்தைத் திரையில் காட்டியதில் பெயர் வாங்கியவர் வில்லியம் எஸ். ஹார்ட். நியூயார்க் நாடக நடிகர், ஐம்பதை நெருங்கும்போது மௌனப்பட மார்ஷல், ஷெரீஃப், திருந்திய கெட்டவன் என்று கலக்கியவர். இறுகிய முகம், சிரிக்கவே மாட்டார். 1893-ல் நடந்த இன்னொரு நில ஓட்டத்தை 1925-ல் தன் கடைசிப் படத்தில் காட்டினார். நூற்றுக்கணக்கான வண்டிகள் ஒரே கோட்டில் பாயும் அந்தக் காட்சியை இன்று பார்த்தாலும் எழுந்து உட்காருவோம். எடுத்தது கலிபோர்னியாவில்! நிஜ ஓக்லஹோமாவில் நிஜ மார்ஷல் எடுத்ததில் ஆட்கள் எறும்பாகத் தெரிகிறார்கள். கலிபோர்னியாவில் நாடகக்காரர் எடுத்த ஓக்லஹோமாதான் எல்லார் மனசிலும் நிற்கிறது. நேற்று ராத்திரி முழுக்க இதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

டில்மனின் மேலதிகாரியாக இருந்த ஈ. டி. நிக்ஸ் இந்த ஊர்க்காரர். மொத்த மளிகை வியாபாரி. 1893-ல் இந்தப் பிராந்தியத்தின் மார்ஷல் ஆக்கப்பட்டார். அவருக்குக் கீழே பெரிய டெபுடி படை. அன்றைய டெபுடிக்கு மாதச் சம்பளம் கிடையாது. ஒரு கைதுக்கு 2 டாலர், ஒரு மைலுக்கு 6 சென்ட் படி. பிடிக்கப்போன ஆள் செத்துவிட்டால் அந்தக் கைதுக்கூலியும் போச்சு. ஆகவே சினிமாவில் காட்டுகிற மாதிரி பட்படென்று சுட்டுத்தள்ளினால் டெபுடிக்கு நஷ்டம். உயிரோடு பிடித்துவந்தால்தான் வவுச்சர் பாஸ் ஆகும். 1896-ல் நிக்ஸின் பதவி போனது பண விவகாரத்தில் எழுந்த புகாரால். எல்லா ஊரிலும் ஆடிட்தான் பெரிய வில்லன்.

ஊருக்கு வெளியே சம்மிட் வியூ கல்லறைத் தோட்டம். பில் டூலின் என்ற பெரிய கொள்ளைக்காரன் இங்கே இருக்கிறான். டில்மன் அவனை 1896 ஜனவரியில் ஆர்கன்சாஸில் ஒரு குளியல் விடுதியில் வைத்து ஒரு குண்டும் சுடாமல் பிடித்தார். குத்ரி ஜெயிலிலிருந்து தப்பினான். ஆகஸ்டில் ஹெக் தாமஸின் ஆட்கள் சுட்டுக் கொன்றார்கள்.

பக்கத்துக் கல்லில் எல்மர் மெக்கர்டி. இவன் கதைக்காகவே நான் வந்தேன் என்றாலும் தப்பில்லை. 1911-ல் தப்பான ரயிலை நிறுத்தி, 46 டாலரும் கொஞ்சம் விஸ்கியும் எடுத்தான். மூன்றாம் நாள் செத்தான். பிணத்தைக் கேட்டு யாரும் வரவில்லை. பாஹஸ்கா ஊரில் சவ அடக்கம் செய்கிறவர் ஆர்சனிக் ஏற்றிப் பதப்படுத்தி, கூலி வசூலாக வேண்டுமே என்று காட்சிக்கு வைத்துவிட்டார். அப்புறம் திருவிழாக் கம்பெனிக்காரர்கள் 'அண்ணன்' என்று பொய் சொல்லி வாங்கிப் போனார்கள். 1920-களில் அது லூயி சோனி என்பவரிடம் வந்தது. அவர் முன்னாள் போலீஸ்காரர், ரயில் கொள்ளைக்காரன் ஒருவனைப் பிடித்துப் பெயர் வாங்கி, அந்தப் புகழில் குற்றவாளிகளின் மெழுகுப் பொம்மைக் கண்காட்சி நடத்தியவர். கொடுத்த 500 டாலர் கடனுக்கு அடமானமாக இந்தப் பிணம்!

நகைக்கடன், நிலக்கடன், மாட்டுக்கடன் எல்லாம் பார்த்திருக்கிறேன். இதற்கு எந்த லெட்ஜரில் வரவு வைப்பது?

பிறகு 1976-ல் கலிபோர்னியா லாங் பீச்சில் ஒரு டிவி தொடருக்காகப் பேய் வீட்டுக்குள் படம் எடுத்தபோது, தொங்கிய பொம்மையை நகர்த்தப் போய் அதன் கை ஒடிந்தது. உள்ளே எலும்பு. விசாரித்து, மெக்கர்டிதான் என்று கண்டுபிடித்து, 1977 ஏப்ரல் 22-ல், குத்ரியின் பிறந்தநாளிலேயே, இங்கே புதைத்து மேலே கான்கிரீட் ஊற்றிவிட்டார்கள். இனி யாரும் ஷோவுக்கு எடுத்துப்போக முடியாது.

சாயங்காலம் இங்கல்ஸ். ஸ்டில்வாட்டருக்குக் கிழக்கே, சில வீடுகளும் ஒரு நினைவுக் கல்லும். 1893 செப்டம்பர் 1 அன்று டெபுடி மார்ஷல்கள், குடியேற வந்தவர்கள் மாதிரி மூடிய வண்டிகளில் ஒளிந்து வந்தார்கள். டூலின் கூட்டம் சாராயக் கடையில் சீட்டு ஆடிக்கொண்டிருந்தது. சண்டையில் ஹ்யூஸ்டன், ஸ்பீட், ஷாட்லி என்று மூன்று டெபுடிகள் இறந்தார்கள். கூட்டத்தில் பெரும்பாலோர் தப்பிவிட, ஹோட்டல் மாடியிலிருந்து சுட்ட ஆர்கன்சாஸ் டாம் மட்டும் அகப்பட்டான். 50 வருஷத் தண்டனை, 1910-ல் பரோலில் வெளியே வந்தான். இந்த டாமை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நாளை வருவான்.

நான்காம் நாள்: சாண்ட்லர், ஸ்ட்ரவுட், குரோம்வெல்

டில்மன் படம் எடுத்தது பணத்துக்கு மட்டும் என்று சொல்ல முடியாது. கோபமும் உண்டு. அந்த வாழைப்பழ ஜென்னிங்ஸ் தன் வாழ்க்கைக் கதையை எழுதினார். 1914-ல் அது படமாகவும் வந்தது, அவரே நடித்தார். படத்தில் கொள்ளைக்காரன் நல்லவன், சூழ்நிலைக் கைதி, மார்ஷல்கள் முட்டாள்கள். அதே வருஷம் கவர்னர் பதவிக்குப் போட்டியிட ஜனநாயகக் கட்சிக்குள் நடந்த தேர்தலில் நின்று மூன்றாவதாகவும் வந்துவிட்டார். டில்மன், நிக்ஸ், மாட்சன் மூவருக்கும் தாங்கவில்லை. நாம் சொல்கிறோம் நிஜக் கதையை என்று கம்பெனி ஆரம்பித்து, 1915-ல் சாண்ட்லரிலும் சுற்றுவட்டாரத்திலும் ஓக்லஹோமாக் கொள்ளையர்கள் ஒழிந்த கதையை எடுத்தார்கள். கேமரா மறுபடியும் பென்னி கென்ட். மார்ஷல்கள் அவரவராகவே நடித்தார்கள். இங்கல்ஸ் சண்டையில் ஆர்கன்சாஸ் டாமாக நடித்தவன் ஆர்கன்சாஸ் டாம்! தங்கள் ஆட்களைச் சுட்ட கூட்டத்து ஆளைக் கூப்பிட்டு, "அன்றைக்கு எப்படிச் சுட்டாயோ அப்படியே சுடு" என்று சொல்ல எவ்வளவு பெரிய மனசு வேண்டும், அல்லது எவ்வளவு பெரிய கோபம்.

மார்ச் 27 அன்று, அவர்கள் சாண்ட்லர் பக்கம் படம் எடுத்துக்கொண்டிருந்த நாட்களில், 14 மைல் தள்ளி ஸ்ட்ரவுட்டில் ஹென்றி ஸ்டார் என்பவன் கூட்டத்தோடு வந்து இரண்டு வங்கிகளை ஒரே நேரத்தில் கொள்ளை அடித்தான். நிஜக் கொள்ளை. டில்மன் படத்தை விட்டுவிட்டுத் தேடக் கிளம்ப வேண்டியதாயிற்று. அவர் போவதற்குள், பதின்ம வயதுப் பையன் ஒருவன், பன்றி அடிக்க வைத்திருந்த துப்பாக்கியால் ஸ்டாரின் காலை உடைத்துவிட்டான்.

ஸ்ட்ரவுட்டில் ரூட் 66 என்ற பழைய நெடுஞ்சாலையோரம் ஒரு கல் கட்டட ஓட்டல் இருக்கிறது. சாலை வெட்டியபோது கிடைத்த கல்லிலேயே 1930-களில் கட்டியது. அங்கே உட்கார்ந்து பொரித்த உருளைக்கிழங்கு தின்றபடி மாப்பிள்ளைக்கு மீதிக் கதையைச் சொன்னேன். ஸ்டார் 1919-ல் விடுதலையானான். உடனே என்ன செய்திருப்பான்? படம் எடுத்தான். ஸ்ட்ரவுட் கொள்ளையையே, தானே நடித்து. "குற்றம் செய்தால் கூலி கிடைக்காது" என்று புத்தி சொல்கிற படம். வசூலில் அவனுக்கு வரவேண்டிய பங்கு வந்து சேரவில்லை என்பார்கள். 1921-ல் ஆர்கன்சாஸில் ஹாரிசன் என்ற ஊரில் மறுபடி வங்கிக்குள் நுழைந்தான், இந்தத் தடவை காரில் வந்து. அந்த வங்கியின் பழைய தலைவர், என்றைக்காவது உதவும் என்று பெட்டக அறைக்குள் ஒரு துப்பாக்கி ஒளித்து வைத்திருந்தார். அது அன்றைக்கு உதவியது.

"உங்க ஸ்ட்ராங் ரூம்ல என்ன வெச்சிருந்தீங்க மாமா?"

"பழைய வவுச்சர், அப்புறம் ஒரு எலிப்பொறி."

சாண்ட்லர் அருங்காட்சியகத்தில் டில்மனையும் கென்ட்டையும் மறக்காமல் வைத்திருக்கிறார்கள். படத்தில் மிஞ்சியிருப்பது சில பகுதிகள்தான், அதை நான் ஏற்கெனவே பார்த்திருந்தேன். 60 வயசு மார்ஷல், தன் நாற்பது வயசை நடிக்கிறார். நன்றாக நடிக்கிறாரா என்றால் இல்லை. குதிரையில் ஏறுவது மட்டும் அசல், மற்றதெல்லாம் கல்யாண வீடியோவில் பெரியவர்கள் கேமராவைப் பார்த்து நிற்கிற மாதிரி. நிஜத்தைச் சொல்வேன் என்று கிளம்பியவர் அதில் 'சிமரான் ரோஜா' என்ற கட்டுக்கதையையும் நுழைத்துவிட்டார். காதலனுக்காகக் குண்டு மழையில் துப்பாக்கி கொண்டுபோய்க் கொடுத்த பெண். இங்கல்ஸில் அப்படி யாரும் ஓடவில்லை என்பதுதான் ஆராய்ந்தவர்களின் முடிவு. படம் என்றால் ஒரு பெண் ஓடத்தான் வேண்டும் என்று மார்ஷலுக்கும் தோன்றியிருக்கிறது.

படம் முடிந்ததும் அதை எடுத்துக்கொண்டு ஊர் ஊராகப் போனார் டில்மன். திரைக்கு முன்னால் நின்று பேசுவார். பல வருஷம் இப்படியே சுற்றினார். நம் பக்கம் 1905-ல் திருச்சி ரயில்வே குமாஸ்தா சாமிக்கண்ணு வின்சென்ட் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் புரொஜக்டர் வாங்கிக்கொண்டு கூடாரத்தோடு ஊர் ஊராகப் போனதும் இதே காலம்தான். நம் கொட்டகைகளிலும் மௌனப்படத்துக்குத் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வார். ஆனால் அவர் யாரோ. இங்கே, திரையில் ஓடுகிற ஆளே வெளியே நின்று "அது நான்தான்" என்கிறார். அதைப் பார்க்க நான் என்ன வேண்டுமானாலும் டிக்கெட் கொடுத்திருப்பேன்.

மாலை மூன்று மணிக்குக் குரோம்வெல். 1924-ல் எண்ணெய் கிடைத்து, சாராயமும் சூதும் தலைவிரித்தாடிய ஊர். மதுவிலக்குக் காலம். அடக்க ஆள் வேண்டும் என்று 70 வயசு டில்மனைக் கூப்பிட்டார்கள், போனார். நவம்பர் 1 ராத்திரி, நடன விடுதி வாசலில், குடித்திருந்த ஒருவன் துப்பாக்கியை வெடித்தான். டில்மன் அவனைப் பிடித்து அடக்கியபோது அவன் இன்னொரு துப்பாக்கியால் அவரைச் சுட்டுக் கொன்றுவிட்டான். சுட்டவன் வைலி லின், மதுவிலக்கு அமல் செய்ய வேண்டிய மத்திய அரசு அதிகாரி. வழக்கில் விடுதலை ஆனான். ஒரு மாதத்துக்குள் குரோம்வெல்லில் தீப்பிடித்து ஊரின் பெரும்பகுதி போயிற்று. ஆர்கன்சாஸ் டாமும் அதே வருஷம் ஆகஸ்டில்தான் போலீஸ் குண்டுக்குச் செத்தான், நடிப்பை விட்டுவிட்டுப் பழைய தொழிலுக்குத் திரும்பியதால்.

ஜென்னிங்ஸ் மட்டும் 1961 வரை கலிபோர்னியாவில் உயிரோடு இருந்தார். 98 வயசு.

குரோம்வெல்லில் இறங்கிப் பத்து நிமிஷம் நடந்தோம். ஒரு நாய் எங்களோடு கடைசி வரைக்கும் வந்தது. மாப்பிள்ளை ஏதோ கேட்க வாயெடுத்து, கேட்காமல் விட்டுவிட்டார்.

ஐந்தாம் நாள்: டூயி

கடைசி நாள் கொஞ்சம் சந்தோஷமாக இருக்கட்டும் என்று வடக்கே டூயியில் டாம் மிக்ஸ் அருங்காட்சியகம்.

டாம் மிக்ஸ் பென்சில்வேனியாக்காரர். ராணுவத்திலிருந்து 1902-ல் சொல்லாமல் ஓடிவந்தவர். குத்ரியில் மதுக்கடையில் ஊற்றிக் கொடுத்தார், 101 ரான்ச் என்ற மாட்டுப் பண்ணையில் குதிரை வித்தை காட்டினார், டூயியில் இரவு மார்ஷலாகக் கொஞ்ச நாள் ரோந்து போனார். சட்டத்துறையில் அவருடைய அனுபவம் இவ்வளவுதான். பிறகு கம்பெனிக்காரர்கள் அவரை டெக்சாஸ் ரேஞ்சர், போர் வீரர், பல ஊர் ஷெரீஃப் என்று விளம்பரம் பண்ணினார்கள், அவரும் மறுக்கவில்லை. 1920-களில் வாரச் சம்பளம் 17,500 டாலர் வரை போனது. ஒரு கைதுக்கு 2 டாலர் என்று நேற்று முன்தினம் எழுதினேனே, அதை வைத்து மாப்பிள்ளை கார் ஓட்டியபடியே மனக்கணக்குப் போட்டார்: டெபுடி வாரத்துக்கு 8,750 பேரைப் பிடிக்க வேண்டும்.

உள்ளே சிறிய கொட்டகை மாதிரி வைத்துப் படம் ஓட்டுகிறார்கள். உட்கார்ந்தோம். வெள்ளைத் தொப்பி, வேலைப்பாடு செய்த சட்டை, டோனி என்ற குதிரை. குதிக்கிறார், தொங்குகிறார், பாய்கிறார், நடுவில் சிரிப்புக் காட்டுகிறார். 1922-ல் கிராண்ட் கேன்யனுக்குள்ளேயே போய்க் குடியேற்ற அதிகாரியாக நடித்தவர் இவர். ஐந்து நாளில் முதல் முறையாக மாப்பிள்ளை நிமிர்ந்து உட்கார்ந்து பார்த்தார். ஓரிடத்தில் விசில் அடிக்கப் போய், நான் பக்கத்தில் இருப்பது ஞாபகம் வந்து விரலை எடுத்துவிட்டார். எனக்கும் பிடித்துத்தான் இருந்தது. டில்மனுக்குத் துரோகம் செய்கிற மாதிரி ஒரு உறுத்தல், அவ்வளவுதான்.

நிஜ மார்ஷல்களுக்கே இவரைப் பிடித்திருந்தது என்பது ஒரு ஆறுதல். அரிசோனாவில் டூம்ஸ்டோன் ஊர்த் துப்பாக்கிச் சண்டையில் பெயர் வாங்கிய வயட் அர்ப் வயசான காலத்தில் லாஸ் ஏஞ்சலஸில்தான் இருந்தார். ஹார்ட்டும் மிக்ஸும் அவருக்குச் சிநேகிதர்கள். தன் கதையை ஹார்ட் படமாக எடுப்பார் என்று அர்ப் காத்திருந்தார், நடக்கவில்லை. 1929 ஜனவரியில் இறந்தபோது சவப்பெட்டியைச் சுமந்தவர்களில் இந்த இரண்டு நடிகர்களும் உண்டு.

கடைசியில் ஒரு கண்ணாடிக்குள் அந்த உலோகப் பெட்டி. 1940 அக்டோபர் 12, அரிசோனாவில் ஃபுளோரன்ஸ் பக்கம், 60 வயசு டாம் மிக்ஸ் தன் காரில் வேகமாக வந்துகொண்டிருந்தார். முன்னால் சாலை வேலை நடப்பதைக் கடைசி நொடியில் பார்த்துத் திருப்பினார். வண்டி ஓடைப் பள்ளத்தில் விழுந்தது. பின்னால் வைத்திருந்த இந்தப் பெட்டி பறந்து வந்து பிடரியில் அடித்துக் கழுத்து ஒடிந்துவிட்டது. நூற்றுக்கணக்கான படங்களில் குண்டு படாமல் தப்பியவர். பெட்டியில் நசுங்கல் தெரிகிறது.

மாப்பிள்ளை அதன் முன்னால் ரொம்ப நேரம் நின்றார். வெளியே வந்ததும் டிக்கியைத் திறந்து, குக்கரையும் அரிசி மூட்டையையும் இறக்கிக் காரின் பின் சீட்டுக் காலடியில் வைத்தார். அப்புறம் என் வி.ஐ.பி. பெட்டியைத் தூக்கி டிக்கியில் வைத்து மூடினார்.

"போலாமுங்களா மாமா" என்றார்.